தம்பியிடம் ஏன் மறைக்கிறீர்கள்?

கேள்வி: படங்களுக்கு நடிகர்களைத் தேடித் தரும் ஒரு காஸ்டிங் டைரக்டரிடம் ஏழு வருடமாக உதவியாளராக இருக்கிறேன். தனியாகப் படங்களுக்குக் காஸ்டிங் செய்ய ஆசை. வீட்டில், "ஆள் பிடித்துக் கொடுப்பதெல்லாம் ஒரு வேலையா?" என்கிறார்கள். என் தம்பி மட்டும்தான் என்னை நம்புகிறான். நடிக்க வேண்டும் என்று வேலையைக்கூட விட்டுவிட்டான். இரண்டு படங்களுக்கு அவனை ஆடிஷன் செய்தோம். இயக்குநர்கள் வேண்டாம் என்றுவிட்டார்கள். மனசு உடைந்துபோவான் என்று, "இன்னும் முடிவாகவில்லை" என்றே சொல்லி வைத்திருக்கிறேன். நான் தனியாகத் தொடங்க இது சரியான நேரமா?

பதில்: போகிற போக்கில் தம்பியைப் பற்றி எழுதிவிட்டு அடுத்த வரிக்குப் போய்விட்டீர்கள். என்னால் போக முடியவில்லை.

வேலையை விட்ட பிள்ளை தினமும் உங்கள் முகத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறான். முடிவு தெரிந்தும் "முடிவாகவில்லை" என்கிறீர்கள். இதற்குப் பாசம் என்று பெயர் வைக்காதீர்கள், அம்மா. அவன் அழுதால் பக்கத்தில் இருந்து பார்க்க உங்களுக்குத் தைரியம் இல்லை.

ஸ்கிரிப்டைப் பாத்திரம் பாத்திரமாகப் பிரிக்கிறீர்கள், ஆடிஷனில் எதிர் வசனம் படிக்கிறீர்கள், நடிக்க வருகிறவர்கள் தாங்களே எடுத்து அனுப்பிக் குவிகிற செல்ஃப் டேப் வீடியோக்களைப் பார்த்து நாலைந்து பேரை இயக்குநர் முன்னால் நிறுத்துகிறீர்கள். கடைசி முடிவு இயக்குநருக்கும் தயாரிப்பாளருக்கும் உரியது. ஒரு வேடத்துக்கு ஒருவர்தான். மற்ற அத்தனை பேருக்கும் "இல்லை" என்று சொல்லியாக வேண்டும். இதுவரை அந்தப் பாரம் உங்கள் காஸ்டிங் டைரக்டர் தலையில் இருந்தது. நாளைக்கு யாரோ ஒரு வீட்டுப் பையன் உங்கள் போனுக்காக, கிடைத்த வேலைக்கும் போகாமல் காத்திருப்பான். சொந்தத் தம்பியையே காக்க வைக்கிறவர் அவனுக்கு எப்படி நேர்மையாக இருப்பீர்கள்?

இன்றைக்கே அவனை உட்கார வைத்துச் சொல்லுங்கள். காரணத்தையும் சேர்த்துச் சொல்லுங்கள். வயதோ தோற்றமோ பொருந்தவில்லையா, ஜோடியோடு சேரவில்லையா, நடிப்பே போதவில்லையா? முதல் இரண்டு என்றால் வேறு இடங்களில் முயலட்டும். மூன்றாவது என்றால் பயிற்சி வேண்டும், அதுவரை சம்பளம் வருகிற ஒரு வேலையும் வேண்டும். இனி அவன் ஆடிஷனில் நீங்கள் உட்காரவே கூடாது. கோபித்துக்கொண்டு நாலு நாள் பேசாமல் இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். மூத்தவளுக்கு அந்தக் கடமை உண்டு.

வீட்டார் மதிக்காததற்குக் கலங்காதீர்கள். ஆஸ்கர் அகாடமியே உங்கள் தொழிலுக்குத் தன் உறுப்பினர்களில் தனிப் பிரிவு தந்தது 2013-இல்தான். 2016-இல் லின் ஸ்டால்மாஸ்டருக்குக் கிடைத்த கௌரவ ஆஸ்கர்தான், ஒரு காஸ்டிங் டைரக்டர் பெற்ற முதல் ஆஸ்கர். காஸ்டிங்குக்கென்று போட்டி விருது வருவதற்கு 2026 விழாவரை ஆயிற்று. உலகமே இவ்வளவு தாமதித்த விஷயத்தில் உங்கள் வீட்டாரை மட்டும் என்ன சொல்வது?

தனியாக வந்தால் படத்துக்குப் படம்தான் வருமானம். நடுவில் மாதக்கணக்கில் கை காய்ந்துவிடும். தம்பியிடம் பேசி முடித்த பிறகு, கையில் எத்தனை மாதச் செலவுக்குப் பணம் இருக்கிறது, உங்களை நம்பிப் படம் தர எத்தனை இயக்குநர்கள் இருக்கிறார்கள் என்று எழுதுங்கள். நேரம் சரியா என்பதை அப்போது பார்க்கலாம்.