கேத்தரின் ஹெப்பர்ன்: கேளுங்கள், சொல்கிறேன்

அமெரிக்க நடிகை கேத்தரின் ஹெப்பர்னைப் பற்றிக் கேள்வி அனுப்பச் சொல்லியிருந்தேன். நிறையவே வந்திருக்கின்றன. அவருடைய மேடை வாழ்க்கையும், அது அவர் சினிமாவுக்கு என்ன செய்தது என்பதும்தான் நான் பல காலமாகப் படித்து வருவது. அந்தக் கேள்விகளுக்கு நீளமாகப் பதில் சொல்வேன், மற்றவற்றுக்குச் சுருக்கமாக. ஒரு வேண்டுகோள்: அவர் புகைப்படத்தின் மேல் எழுதிச் சுற்றிவரும் பொன்மொழிகளைக் கொண்டுவராதீர்கள். எங்கே, எப்போது சொன்னார் என்று இல்லாத வாக்கியத்தை நான் தொடுவதில்லை.

கேள்வி: அக்கா, நான் அவர் படம் ஒன்றுகூடப் பார்த்ததில்லை. எதில் தொடங்கலாம்?

1940-ல் வந்த 'தி பிலடெல்பியா ஸ்டோரி'. அப்புறம் 1951-ன் 'தி ஆப்பிரிக்கன் குயின்'. மூன்றாவது, 1962-ன் 'லாங் டேஸ் ஜர்னி இன்டு நைட்'. இதே வரிசையில் பாருங்கள். மூன்றாவதை முதலில் பார்த்துவிட்டால் அவர் எவ்வளவு தூரம் வந்திருக்கிறார் என்பது பிடிபடாது.

கேள்வி: ஆட்ரி ஹெப்பர்ன் இவருடைய தங்கையா?

இல்லை. உறவே கிடையாது. கேத்தரின் 1907-ல் கனெக்டிகட் மாநிலத்தின் ஹார்ட்ஃபோர்டில் பிறந்தவர். ஆட்ரி வேறொரு நடிகை, 1929-ல் பிரஸ்ஸல்ஸில் பிறந்தவர்.

கேள்வி: கல்லூரி நாடகக் குழுவில் இருக்கிறேன் மேடம். மேடையில் தோற்றுப்போனவரை சினிமாதான் காப்பாற்றியது என்று ஒரு கட்டுரையில் படித்தேன். சரிதானா?

தலைகீழாகச் சொல்லியிருக்கிறார்கள். ஆனால் மேடையில் அவர் தோற்றது உண்மை. அந்தக் கதை உனக்குப் பயன்படும் என்பதால் முழுதாகச் சொல்கிறேன்.

1928-ல் பிரின் மார் கல்லூரியில் படிப்பை முடித்ததும் பால்டிமோரில் ஒரு நாடகக் குழுவில் சேர்ந்தார். அதே ஆண்டு 'தி பிக் பாண்ட்' நாடகத்தில் முக்கிய வேடம் கிடைத்தது. முதல் இரவு பதற்றத்தில் வசனங்களைத் தாறுமாறான வேகத்தில் பேசினார். மறுநாளே நீக்கிவிட்டார்கள். அதற்குப் பிறகும் சில வேடங்கள் கைக்கு வந்து பறிபோயின. 1932-ல் 'தி வாரியர்ஸ் ஹஸ்பண்ட்' நாடகத்தில் அமேசான் வீராங்கனையாக வந்தார். தோளில் ஒரு மானைச் சுமந்துகொண்டு செங்குத்தான படிகளில் குதித்து இறங்கும் அறிமுகக் காட்சி அது. ஹாலிவுட் அவரைத் திரும்பிப் பார்த்தது அதனால்தான். ஆர்.கே.ஓ. ஸ்டுடியோ அழைத்தது. முதல் படத்துக்கு இயக்குநர் ஜார்ஜ் க்யூகர், அப்பா வேடத்தில் ஜான் பாரிமோர். மூன்றாவது படமான 'மார்னிங் குளோரி'க்கே ஆஸ்கர் கிடைத்தது.

தலையில் வெற்றியோடு 1933 டிசம்பரில் நியூயார்க்கின் நாடக அரங்குகள் இருக்கும் பிராட்வேக்குத் திரும்பி, ஜெட் ஹாரிஸ் தயாரித்த 'தி லேக்' நாடகத்தில் நடித்தார். சினிமா நட்சத்திரத்தைப் பார்க்கக் கூட்டம் முந்தியது, விமர்சகர்கள் கிழித்துவிட்டார்கள். நீ கவனிக்க வேண்டியது இதற்கப்புறம் நடந்ததை. நாடகம் ஓடிக்கொண்டிருந்தபோதே ஒரு குரல் ஆசிரியரிடம் பயிற்சிக்குப் போனார். திட்டு வாங்கிய வேடத்தை இரவு இரவாகத் திருத்திக்கொண்டே நடித்தார். நாடகத்தை வெளியூர்களுக்குக் கொண்டுபோக வேண்டும் என்று தயாரிப்பாளர் பிடிவாதம் பிடித்தபோது, வங்கிக் கணக்கில் இருந்த பதின்மூவாயிரத்துச் சொச்சம் டாலரை எடுத்துக் கொடுத்துவிட்டு விலகினார். அப்போது அவருக்கு வயது 26.

கேள்வி: நடிகர் ஸ்பென்சர் ட்ரேசியோடு இருந்த காதலைப் பற்றிச் சொல்லுங்களேன்.

1942 முதல் 1967 வரை சேர்ந்து ஒன்பது படங்கள். ட்ரேசி மணமானவர், மனைவியை விவாகரத்து செய்யவில்லை. கடைசிப் படம் முடிந்த 17-வது நாள், 1967 ஜூன் 10 அன்று காலமானார். இறுதிச் சடங்குக்கு ஹெப்பர்ன் போகவில்லை. ட்ரேசியின் மனைவி 1983-ல் இறந்த பிறகுதான் இந்த உறவைப் பற்றி அவர் வெளிப்படையாகப் பேசத் தொடங்கினார். ஒரு நடிகையின் வாழ்க்கையை அவர் யாருடைய காதலி என்பதிலிருந்து தொடங்காதீர்கள். அவர் கையெழுத்திட்ட ஒப்பந்தங்களிலிருந்து தொடங்கினால் இன்னும் நிறைய தெரியும்.

கேள்வி: அவரை 'வசூலுக்கு விஷம்' என்று சொன்னார்களாமே, அது எப்போது?

1938 மே மாதம். தனித் திரையரங்கு உரிமையாளர்கள் சங்கம் கொடுத்த விளம்பரம் அது. கிரெட்டா கார்போ, ஜோன் கிராஃபோர்டு, மார்லின் டீட்ரிச், ஃப்ரெட் அஸ்டேர் எல்லோரும் அந்தப் பட்டியலில் இருந்தார்கள். ஹெப்பர்னின் படங்கள் அதற்கு முன் வரிசையாக அடிவாங்கியிருந்தன. இன்று கொண்டாடப்படும் 'பிரிங்கிங் அப் பேபி'யும் அந்த ஆண்டு சரியாகப் போகவில்லை. ஆர்.கே.ஓ. அடுத்ததாக ஒரு சாதாரணப் படத்தில் அவரைத் தள்ளப் பார்த்தது. மறுத்துவிட்டு, சொந்தப் பணத்தைக் கட்டி ஒப்பந்தத்திலிருந்தே வெளியேறினார்.

மேடை அவரைத் தூக்கிவிட்டது இந்த நேரத்தில்தான். நாடகாசிரியர் ஃபிலிப் பேரி அவரை மனதில் வைத்தே 'தி பிலடெல்பியா ஸ்டோரி' நாடகத்தை எழுதினார். சம்பளம் வேண்டாம், லாபத்தில் பங்கு போதும் என்று ஹெப்பர்ன் ஒப்புக்கொண்டார். 1939 மார்ச் 28 அன்று பிராட்வேயில் தொடங்கி 417 காட்சிகள் ஓடியது. உடன் நடித்தவர்கள் ஜோசப் காட்டன், வான் ஹெஃப்லின், ஷெர்லி பூத். நாடகத்தைப் படமாக்கும் உரிமை ஹெப்பர்ன் கையில் இருந்தது. அதனால் எம்.ஜி.எம். ஸ்டுடியோ அவர் வாசலுக்கு வரவேண்டியதாயிற்று.

கேள்வி: இதை ஏற்க முடியவில்லை மேடம். உரிமையை வாங்கியது ஹோவர்டு ஹியூஸ். பணக்காரக் காதலர் கொடுத்த பரிசு. இதில் இவருடைய சாமர்த்தியம் எங்கே?

பணம் ஹியூஸுடையது, மறுக்கவில்லை. அந்த உரிமையை வைத்து என்ன செய்தார் என்று பாருங்கள் சார். அதிக விலை கேட்கும் ஸ்டுடியோவுக்கு விற்றுவிட்டு ஒதுங்கியிருக்கலாம். விஷம் என்று பெயரெடுத்த ஒரு நடிகைக்கு அதுவே பெரிய லாபம். அவர் போட்ட நிபந்தனை வேறு: கதாநாயகி நான்தான், இயக்குநர் க்யூகர், உடன் நடிப்பவர்கள் யார் என்பதிலும் என் பேச்சு எடுபட வேண்டும். கிளார்க் கேபிளையும் ட்ரேசியையும் கேட்டார், அவர்கள் கிடைக்கவில்லை. கேரி கிராண்டும் ஜேம்ஸ் ஸ்டூவர்ட்டும் வந்தார்கள். ஸ்டூவர்ட்டுக்கு அந்தப் படத்தில்தான் ஆஸ்கர்.

அவரே மீண்டும்: பணம் இருந்ததால்தானே நிபந்தனை போட முடிந்தது?

இன்னொருவர்: ஹியூஸை விடுங்கள் அக்கா. வசதியான டாக்டர் வீட்டுப் பெண். ஏழை நடிகை ஒருத்தி சொந்தக் காசைக் கட்டி ஒப்பந்தத்தை முறிக்க முடியுமா?

இரண்டாவது கேள்வி நியாயமானது. அப்பா டாக்டர். மகள் சம்பாதித்த பணத்தைப் பல ஆண்டுகள் அவரே நிர்வகித்து, செலவுக்கு மாதப்படி கொடுத்துவந்தார். விழுந்தால் போய் இருக்க ஃபென்விக் கடற்கரையில் குடும்பத்துக்கு வீடு இருந்தது. இந்தப் பாதுகாப்பு பலருக்கு இல்லை. அதே 1938-ன் பட்டியலில் இருந்த மற்ற நடிகைகளின் கதைகளைப் படிக்கும்போது இதை நான் மறப்பதில்லை.

ஆனால் முதல் கேள்விக்கு என் பதில் 1942-ல் வந்த ஒரு படத்தில் இருக்கிறது. 'வுமன் ஆஃப் தி இயர்' திரைக்கதையை எம்.ஜி.எம். தலைவர் லூயி பி. மேயரிடம் கொண்டுபோனவர் ஹெப்பர்ன். எழுதியவர்கள் ரிங் லார்ட்னர் ஜூனியரும் மைக்கேல் கேனினும். அப்போது அவர்களுக்குப் பெரிய பெயர் இல்லை. பெயர் தெரிந்தால் அடிமாட்டு விலைக்குக் கேட்பார்கள் என்று, எழுதியது யார் என்பதையே சொல்லாமல் பேரம் பேசி நல்ல விலை வாங்கிக் கொடுத்தார். அந்த அறையில் ஹியூஸ் இல்லை. எழுத்தாளர்கள் இருவருக்கும் ஆஸ்கர் கிடைத்தது.

ஹியூஸைப் பற்றிக் கேட்டவர்: அப்படியானால் அந்தப் படத்தின் முடிவு? சாதித்த பெண்ணைச் சமையலறையில் அவமானப்படுத்துகிறார்களே. அவ்வளவு அதிகாரம் இருந்தவர் அதை ஏன் தடுக்கவில்லை?

நல்ல இடத்தில் கை வைத்திருக்கிறீர்கள். அந்த முடிவு பின்னால் மாற்றி எடுக்கப்பட்டது. உலகச் செய்திகளை அலசும் பத்திரிகையாளர், கணவனுக்குக் காலை உணவு செய்யத் தெரியாமல் தவிக்கும் காட்சி. ஹெப்பர்னுக்கு அது பிடிக்கவில்லை. இருந்தாலும் ஸ்டுடியோ அதைத்தான் வைத்துக்கொண்டது. அவருடைய பேரத்துக்கு எல்லை எங்கே இருந்தது என்பதை அந்தக் கடைசி நிமிடங்கள் காட்டுகின்றன. படத்தை விற்க முடிந்தது, யாரோடு நடிப்பது என்று முடிவு செய்ய முடிந்தது. படம் எதைச் சொல்லி முடிய வேண்டும் என்பது அவர் கையில் இல்லை. அந்தக் காட்சியை ரசித்துப் பார்க்க என்னால் இன்றும் முடிவதில்லை.

கேள்வி: கறுப்பு உடை, முத்துமாலை, பெரிய கண்ணாடி போட்ட அந்தப் படம் இவருக்கு எத்தனையாவது படம்?

அது ஆட்ரி. மேலே படித்துவிட்டுக் கேளுங்கள்.

கேள்வி: நவம்பர் 8 அவர் பிறந்தநாள் என்று சில இடங்களில் இருக்கிறதே?

அது அண்ணன் டாம் பிறந்த நாள். 1921-ல் நியூயார்க்கில் ஒரு வீட்டில் தங்கியிருந்தபோது தூக்கில் தொங்கிய நிலையில் அவரைப் பார்த்தது இந்தத் தங்கைதான். அப்போது வயது 13. அதற்குப் பிறகு பல பத்தாண்டுகள் அண்ணனின் பிறந்தநாளையே தன்னுடையதாகச் சொல்லிவந்தார். உண்மையான தேதி மே 12. 1991-ல் வந்த தன்வரலாற்றில்தான் அதைச் சொன்னார். இந்தத் தேதியைப் 'பொய்' என்று எழுதுபவர்கள் அண்ணனைப் பற்றியும் ஒரு வரி எழுதட்டும்.

கேள்வி: படங்களில் அவர் தலை ஆடுவது பார்க்கின்சன் நோயாலா?

இல்லை. அது வேறு வகை நடுக்கம், பார்க்கின்சன் அல்ல என்று அவரே விளக்கியிருக்கிறார்.

கேள்வி: ட்ரேசியும் அவரும் ஏன் கல்யாணம் செய்துகொள்ளவில்லை?

மேலே இருக்கிறது.

கேள்வி: அவர் போட்ட கால்சட்டைகளின் தையல், துணி பற்றி விவரம் வேண்டும்.

என் துறை இல்லை. ஓஹையோவில் கென்ட் ஸ்டேட் பல்கலைக்கழக அருங்காட்சியகம் அவருடைய மேடை, திரை உடைகளைச் சேகரித்து வைத்திருக்கிறது. அங்கே தேடுங்கள்.

கேள்வி: நான்கு ஆஸ்கர் வாங்கியவர் ஒருமுறைகூட மேடையேறி வாங்கவில்லையா?

இல்லை. 1933, 1967, 1968, 1981 ஆண்டுகளின் படங்களுக்குப் பரிசு. 1968-ன் 'தி லயன் இன் வின்டர்' படத்துக்கு பார்பரா ஸ்ட்ரைசாண்டோடு சரிசமமாகப் பகிர்ந்துகொண்டார். ஒரே ஒரு முறை, 1974-ல், தயாரிப்பாளர் லாரன்ஸ் வைங்கார்டனுக்குக் கௌரவ விருது கொடுக்க அந்த விழாவுக்குப் போனார்.

கேள்வி: தொடக்கத்தில் நீங்கள் சொன்ன மூன்றாவது படம், 'லாங் டேஸ் ஜர்னி இன்டு நைட்', அதற்கு ஏன் ஆஸ்கர் இல்லை?

பரிந்துரை மட்டும் கிடைத்தது. ஆனால் நான்கு ஆஸ்கர் படங்களையும் ஒரு பக்கம் வைத்து இதை மறு பக்கம் வைத்தால், நான் இதைத்தான் எடுப்பேன்.

யூஜின் ஓ'நீல் தன் குடும்பத்தை வைத்தே எழுதிய நாடகம். ஒரே நாள், ஒரே வீடு. அம்மா மேரி டைரோன் மார்ஃபின் பழக்கத்திலிருந்து மீண்டுவந்ததாக வீடு நம்புகிறது. இரவு முடிவதற்குள் அந்த நம்பிக்கை போய்விடுகிறது. இயக்குநர் சிட்னி லூமெட், நாடகத்துக்குச் செய்வதுபோல மூன்று வாரம் ஒத்திகை வைத்தார். செலவு குறைந்த படம், நடிகர்கள் குறைந்த சம்பளத்துக்கு ஒப்புக்கொண்டார்கள். கான் திரைப்பட விழாவில் முக்கிய நடிகர்கள் நால்வருக்கும் நடிப்புப் பரிசு கிடைத்தது.

பார்க்கும்போது அவர் கைகளைக் கவனியுங்கள். மூட்டுவாதத்தால் கோணிப்போன கைகளைப் பற்றி மேரி வெட்கப்படுபவள். பேச்சின் நடுவில் அவற்றை ஒளிப்பார், யாரும் பார்க்கவில்லை என்று நினைக்கும்போது விரல்கள் தானாக அலையும். முதல் பாதியில் சிரிப்பு சற்று அதிகமாகவும் வேகமாகவும் இருக்கும். 1928-ல் அவரை வேலையிலிருந்து நீக்க வைத்த அதே வேகம்தான். இங்கே மகன்கள் அம்மாவைச் சந்தேகிக்கத் தொடங்குவதே அந்தப் பேச்சு வேகத்தால்தான்.

இதற்கு முன் அவர் செய்த வேலையும் கணக்கில் வரவேண்டும். 1950-ல் பிராட்வேயில் ஷேக்ஸ்பியரின் நாயகி ரோசலிண்ட் வேடம். 1955-ல் லண்டனின் ஓல்டு விக் நாடகக் குழுவோடு ஆஸ்திரேலியா முழுவதும் மூன்று ஷேக்ஸ்பியர் நாடகங்கள். பிறகு கனெக்டிகட்டின் ஸ்ட்ராட்ஃபோர்டில் ஷேக்ஸ்பியர் விழாக்கள். சினிமாவில் சம்பாதிக்க முடிந்த ஆண்டுகளில் இதற்காக நேரம் ஒதுக்கினார். மேரி டைரோனின் நீண்ட வசனங்களில் மூச்சு எங்கும் உடையாமல் போவது அந்த ஆண்டுகளின் பலன் என்றே நினைக்கிறேன்.

கேள்வி: அவருடைய அம்மா போராளியாமே?

ஆமாம். கனெக்டிகட்டில் பெண்கள் வாக்குரிமை இயக்கத்தின் தலைவராக இருந்தவர். சிறுமியாக இருந்தபோது கேத்தரின் 'பெண்களுக்கு வாக்குரிமை' என்று எழுதிய பலூன்களைக் கொடுத்துத் திரிந்திருக்கிறார். 1947-ல் ஹாலிவுட் எழுத்தாளர்களைக் கம்யூனிஸ்டுகள் என்று சொல்லி அரசியல் வேட்டை தொடங்கியபோது அதைக் கண்டித்துப் பொதுக்கூட்டத்தில் பேசினார்.

கேள்வி: ட்ரேசி இறந்த அன்று...

இந்த வரிசையில் வந்த மற்றக் கேள்விகளையும் சேர்த்தே விட்டுவிடுகிறேன்.

கேள்வி: மேடம், கல்லூரி நாடகக் குழு என்று முன்பு கேட்டது நான்தான். எனக்கு நன்றாகப் பாட வராது, ஆனால் எங்கள் நாடகத்தில் பாட்டு இருக்கிறது. ஹெப்பர்ன் பாட்டு நாடகத்தில் நடித்தாரா?

நடித்தார் கண்ணு, அதுவும் 62 வயதில். 1969 டிசம்பரில் தொடங்கிய 'கோகோ', ஆடை வடிவமைப்பாளர் கோகோ ஷனேலின் கதை. ஆலன் ஜே லெர்னர் எழுத்து, ஆந்த்ரே ப்ரெவின் இசை. அவருக்குப் பாட வராது என்று எல்லோருக்கும் தெரியும், அவருக்கும் தெரியும். இசைக்கலைஞர் ரோஜர் ஈடன்ஸிடம் பயிற்சி எடுத்தார். பாதி பேச்சு, பாதி பாட்டாக, ஒவ்வொரு வரியையும் வசனம் சொல்வதுபோல அர்த்தத்தோடு சொன்னார். பிராட்வே நாடகங்களுக்கான டோனி விருதுக்குப் பரிந்துரையும் கிடைத்தது. அவர் விலகிய பிறகு டேனியல் டாரியூ நடித்தார், சுமார் இரண்டு மாதத்தில் நாடகம் நின்றுவிட்டது.

அந்த நாடகத்தின் பாடல் பதிவு கிடைக்கிறது. முதலில் பாடல் வரிகளை மட்டும் எழுதி, உன் குரலில் வசனமாகச் சொல்லிப் பார். எங்கே மூச்சு வாங்குகிறாய் என்று குறித்துக்கொள். அதற்கப்புறம் பதிவைக் கேள். அவர் எங்கே மூச்சு வாங்குகிறார் என்பதைக் குறித்து, இரண்டையும் ஒப்பிட்டு எனக்கு எழுது.