பல்டிக்கு நான்கு வருடம் முன்னால் (கடிதமும் பதிலும்)

அன்புள்ள ஐயா,

பிரான்ஸ் நாட்டுக் கறுப்பின ஃபிகர் ஸ்கேட்டிங் வீராங்கனை சூர்யா பொனாலி 1998 ஒலிம்பிக்கில் தடை செய்யப்பட்ட பல்டியை அடிக்கும் வீடியோ எங்கள் வாட்ஸப் குழுவில் சுற்றுகிறது. ‘நிறவெறி நடுவர்களின் கன்னத்தில் விழுந்த அறை’ என்று அதற்குத் தலைப்பு. பெயர் சூர்யா, தாய்வழி ரீயூனியன் தீவு, அதனால் தமிழ் ரத்தம்தான் என்று ஒருவர் அடித்துச் சொல்கிறார். இன்னொருவரோ, ஜெயிக்க முடியாதவர் காட்டிய வித்தை அது என்கிறார். அவர் நிஜமாகவே ஏமாற்றப்பட்டாரா?

க., ஈரோடு

அன்புள்ள க.,

தமிழ் ரத்தத்தை முதலில் முடித்துவிடுவோம். ரீயூனியன் இந்தியப் பெருங்கடலில் உள்ள பிரெஞ்சுத் தீவு. அங்கே தமிழ் வம்சாவளியினர் நிறையப் பேர் உண்டு. கரும்புத் தோட்டக் கூலிகளாகக் கப்பலேறியவர்களின் வழிவந்தவர்கள். அங்கே மல்பார் என்பார்கள். பொனாலியைப் பெற்றவர் அந்தத் தீவுக்காரர்தான். அதற்கு மேல் சொல்ல ஆதாரம் எதுவும் இல்லை. சூர்யா என்பது தத்தெடுத்த பெற்றோர் வைத்த பெயர். பிறந்தது 1973 டிசம்பரில், பிரான்ஸின் நீஸ் நகரத்தில். வேடிக்கை என்னவென்றால், இந்தக் கதை கட்டும் வேலை வாட்ஸப்புக்கு முன்பே தொடங்கிவிட்டது. அவர் பிரபலமாகிக்கொண்டிருந்த நாட்களில் அவர் தரப்பே, ரீயூனியனில் பிறந்த குழந்தை என்று பத்திரிகைகளுக்கு ஒரு கதையை ஓட்டியது. நீஸில் பிறந்தவர் என்றால் கவர்ச்சி போதவில்லை போலிருக்கிறது.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். உங்களுக்கு வந்த வீடியோ அரை நிமிடம் ஓடுமா? 1998, ஜப்பானின் நாகானோ ஒலிம்பிக். அவருக்கு 24 வயது. இரண்டு வருடத்துக்கு முன் குதிகால் தசைநார் அறுந்து, சிகிச்சை முடிந்து திரும்பி வந்திருந்தார். பதக்கம் கையை விட்டுப் போய்விட்டது என்று அவருக்கே தெரியும். பின்னோக்கிச் சறுக்கிக்கொண்டே வந்து எம்பி, தலைகீழாகச் சுழலும்போது கால்களை விரித்து, ஒரே காலில், ஒரே பிளேடில் இறங்கினார். 1976இல் அமெரிக்கர் டெர்ரி குபிக்கா ஒலிம்பிக்கில் பல்டி அடித்ததை அடுத்து அதைத் தடை செய்திருந்தார்கள். ஆபத்து என்பது ஒரு காரணம். ஸ்கேட்டிங்கில் தாண்டினால் ஒரு காலில்தான் இறங்க வேண்டும், பல்டியிலோ இரண்டு காலும் ஊன்றும் என்பது இன்னொன்று. இரண்டாவது காரணத்தைத் தன் ஒற்றைக் காலால் ஒன்றுமில்லாமல் ஆக்கிவிட்டார் பொனாலி. முடிக்கும்போது நடுவர்களுக்கு முதுகைக் காட்டி நின்றார். பத்தாவது இடம்.

எனக்கு அந்தப் பல்டி பிடிக்கும். ஆனால் அதை வைத்து அவர் வாழ்க்கையைப் படிக்கக் கூடாது என்பேன். ஐந்து முறை தொடர்ந்து ஐரோப்பிய சாம்பியன், ஒன்பது முறை பிரான்ஸ் சாம்பியன், 1993, 94, 95 என்று மூன்று உலகப் போட்டிகளில் வரிசையாக வெள்ளி. இவ்வளவும் செய்தவர் அந்த அரை நிமிடத்தில் காணாமல் போய்விடுகிறார். உங்கள் கேள்விக்கு விடை கிடைக்கும் இடம் நான்கு வருடம் முன்னால் இருக்கிறது: 1994, ஜப்பானின் சிபாவில் நடந்த உலகப் போட்டி.

அப்போதைய முறையில் ஒன்பது நடுவர்கள், ஆளுக்கு இரண்டு மதிப்பெண்கள், உச்சம் 6.0. ஒன்று தொழில்நுட்பத்துக்கு, மற்றது கலைநயத்துக்கு. மதிப்பெண்ணை அப்படியே கூட்ட மாட்டார்கள். ஒவ்வொரு நடுவரும் யாரை முதலில் வைத்தார் என்பதுதான் கணக்கு. ஐந்து பேர் ஜப்பானின் யூகா சாட்டோவை முதலில் வைத்தார்கள், நான்கு பேர் பொனாலியை. ஒரே ஓட்டு. பரிசளிப்பில் பொனாலி மேடையில் ஏறவில்லை, பக்கத்தில் தரையில் நின்றார். அதிகாரி ஒருவர் வற்புறுத்தி ஏற்றினார். கழுத்தில் விழுந்த வெள்ளியை உடனே கழற்றிவிட்டார், முகமெல்லாம் கண்ணீர். கூட்டம் கூச்சலிட்டது.

இதில் அநியாயம் நடந்ததா? இங்கேதான் உங்கள் குழுவில் இரண்டு கட்சிக்கும் சங்கடம். ஸ்கேட் பிளேடு சுமார் நான்கு மில்லிமீட்டர் தடிமன். அடிப்பக்கம் நடுவில் நீளவாக்கில் குழிந்திருக்கும்; அதனால் ஒரே பிளேடுக்கு உள்விளிம்பு, வெளிவிளிம்பு என்று இரண்டு விளிம்புகள். நல்ல ஸ்கேட்டர் முழங்காலை மடக்கி ஒரு விளிம்பில் சாய்ந்தால் போதும், வேகம் தானாக வரும், சத்தமே கேட்காது. சாட்டோ அப்படிப்பட்டவர். அப்பா, அம்மா இருவருமே ஒலிம்பிக் ஸ்கேட்டர்கள். அந்தக் கால்களுக்கு ஐஸ்தான் தரை. பொனாலி டம்ப்ளிங் என்ற ஜிம்னாஸ்டிக்ஸ் வகையிலும் போட்டி போட்டு வளர்ந்தவர். அந்தக் கால்களில் வெடிமருந்து இருந்தது, சாய்வு குறைவு. தாண்டுவதற்கு முன் ஓடுவதுபோல் தள்ளுவார். சில மூன்று சுற்றுத் தாண்டல்களில் சுற்று முழுசாக முடியாமலே இறங்குவார். 1992இல் அவர் ஒலிம்பிக்கில் முயன்ற நான்கு சுற்றுத் தாண்டலும் அப்படித்தான். எனவே சாட்டோவுக்கு ஓட்டுப் போட்ட ஐந்து பேருக்கும் சொல்ல நல்ல காரணங்கள் இருந்தன. அதோடு, கறுப்பினத்தவர் என்பதற்காகவே கதவு மூடியது என்றால் 1986இல் அமெரிக்காவின் கறுப்பின வீராங்கனை டெபி தாமஸ் உலக சாம்பியன் ஆனதை எங்கே வைப்பது?

ஆனால் அந்தக் காரணங்களை யாரும் எழுதித்தர வேண்டியதில்லை என்பதுதான் என் புகார். கலைநயம் என்ற அந்த இரண்டாவது மதிப்பெண்ணுக்குள் எதை வேண்டுமானாலும் போட்டு மூடலாம்: விளிம்பின் ஆழம், இசையோடு ஒத்துப்போவது, உடை, தோள்களின் அகலம், ‘ஐஸ் இளவரசி’ என்று மனதில் வைத்திருக்கும் ஒரு முகம். 5.7 என்று பலகையில் வரும்போது அதில் எத்தனை பங்கு விளிம்புக்கு, எத்தனை பங்கு முகத்துக்கு என்று கேட்க வழியில்லை. தோற்றவருக்கும் தெரியாது, கொடுத்தவருக்கே தெரிந்திருக்குமா என்பது சந்தேகம். பொனாலி அந்த வெள்ளியைக் கழற்றியதை நாகரிகக் குறைவு என்று அன்று திட்டியவர்கள் நிறைய. சாட்டோவின் நாளை அது கெடுத்தது என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஏன் தோற்றோம் என்று கடைசிவரை சொல்லப்படாத ஒருவரிடம் நாகரிகத்தை மட்டும் எதிர்பார்ப்பது கொஞ்சம் அதிகம்.

அவரைப் புனிதராக்கவும் வேண்டாம். 1992 ஆல்பர்ட்வில் ஒலிம்பிக்கில் வீரர்கள் சார்பில் உறுதிமொழி எடுத்தவரே அவர்தான். அதே ஒலிம்பிக்கின் பயிற்சி நேரத்தில், ஏற்கெனவே பதற்றத்தில் இருந்த ஜப்பானின் மிதோரி இட்டோவுக்குப் பக்கத்தில் பல்டி அடித்துக் கண்டனம் வாங்கினார். எவ்வளவு பதற்றமான இடம் என்று தெரிந்தே செய்தாரா, பழக்கதோஷமா, அவருக்குத்தான் தெரியும்.

2002 சால்ட் லேக் ஒலிம்பிக்கில் நடுவர் ஓட்டுப் பேரம் என்று வெடித்த ஊழலுக்குப் பிறகு 6.0 முறையைத் தூக்கிவிட்டு, ஒவ்வொரு தாண்டலுக்கும் தனி மதிப்பு வைத்தார்கள். அப்போதாவது பொனாலி போன்றவருக்கு நியாயம் கிடைத்திருக்கும் என்று சிலர் எழுதுகிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. இன்று வீடியோவை மெதுவாக ஓட்டி, கால் சுற்று குறைந்தாலும் பிடிக்கிறார்கள். அவருடைய தாண்டல்களுக்கு இன்னும் பலமான அடிதான் விழுந்திருக்கும். வித்தியாசம் ஒன்றுதான்: எங்கே விழுந்தது என்று காகிதத்தில் இருந்திருக்கும், வீட்டுக்குப் போய்த் திருத்திக்கொண்டிருக்கலாம்.

பல்டி மீதான தடையை 2024இல் சர்வதேச ஸ்கேட்டிங் சங்கம் நீக்கிவிட்டது. அதே வருடத் தொடக்கத்தில், தடை இருக்கும்போதே, பிரான்ஸின் ஆதம் சியாவோ ஹிம் ஃபா ஐரோப்பியப் போட்டியில் பல்டி அடித்தார். இரண்டு புள்ளி வெட்டினார்கள், அப்படியும் தங்கம் வாங்கினார். பொனாலி 1998க்குப் பிறகு அமெரிக்காவில் ஸ்கேட்டிங் காட்சிகளில் அந்தப் பல்டியை வருடக்கணக்காக அடித்துச் சம்பாதித்தார். 2004இல் அமெரிக்கக் குடியுரிமை பெற்றார். லாஸ் வேகாஸில் பிள்ளைகளுக்குக் கற்றுக்கொடுத்தார்.

ஒன்று செய்யுங்கள். சிபா 1994இல் இருவரும் ஆடிய ஃப்ரீ ஸ்கேட் (போட்டியின் நீண்ட சுற்று) இரண்டையும் தேடிப் பிடித்து, வர்ணனையை அணைத்துவிட்டு முழுசாகப் பாருங்கள். கால்களை மட்டும் ஒரு தடவை, ஆளை ஒரு தடவை. நான் அந்த ஒன்பது பேரில் இருந்திருந்தால் சாட்டோவுக்குத்தான் போட்டிருப்பேன், அதுவும் மயிரிழையில். நீங்கள் யாருக்குப் போடுவீர்கள் என்று எழுதுங்கள். குழுவில் அந்த இருவரையும் கேட்டு எழுதினால் இன்னும் நல்லது.