கார்டும் காலனும்

அன்புள்ள ஐயா,

ஈரோட்டில் இருபத்தாறு வருடமாக இன்சூரன்ஸ் ஏஜென்டாக இருக்கிறேன். முதலில் ஆயுள் காப்பீடு, இப்போது மருத்துவக் காப்பீடும். தினமும் சாயங்காலம் டீக்கடையில் ஒரு நண்பரோடு வாக்குவாதம். அவர் விசைத்தறித் தொழிற்சங்கத்தில் இருந்தவர். "ஏழை சீக்கிரம் சாவது ஏற்றத்தாழ்வால். உன் கார்டும் பாலிசியும் கண்துடைப்பு" என்பார். "கையில் கார்டு இருந்தால் ஆஸ்பத்திரிக்குப் போவான், போனால் பிழைப்பான், இதில் என்ன தத்துவம்" என்பேன் நான். போன வாரம் அவர் ஒரு கட்டுரையைக் காட்டினார். அமெரிக்காவில் ஆரிகன் என்ற மாநிலத்தில் ஏழைகளுக்குச் சீட்டுக் குலுக்கிக் காப்பீடு கொடுத்துப் பார்த்தார்களாம். உடம்பில் ஒரு மாற்றமும் இல்லையாம். அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. இத்தனை வருடம் நான் விற்றது வெறும் காகிதமா? யார் சொல்வது சரி என்று நீங்கள்தான் எழுத வேண்டும். ஒரு மாத டீ பந்தயம்.

(பெயர் வேண்டாம்)
ஈரோடு

அன்புள்ள நண்பருக்கு,

முதலில் அந்தக் குலுக்கல். உங்கள் தூக்கத்தைக் கெடுத்தது அதுதானே.

2008இல் ஆரிகன் அரசிடம், ஏழைகளுக்கான மெடிக்கெய்ட் காப்பீட்டில் இன்னும் சுமார் 10,000 பேரைச் சேர்க்கத்தான் பணம் இருந்தது. பெயர் கொடுத்தவர்களோ ஏறக்குறைய 90,000 பேர். யாருக்கும் மனக்குறை வேண்டாம் என்று சீட்டுக் குலுக்கினார்கள். ஆராய்ச்சியாளர்களுக்கு அது லட்டு மாதிரி வாய்த்தது. சீட்டு விழுந்தவருக்கும் விழாதவருக்கும் இடையே அதிர்ஷ்டம் தவிர வேறு வித்தியாசமே கிடையாது. ஏமி ஃபிங்கெல்ஸ்டீன், கேத்தரின் பைக்கர் என்ற இரண்டு பொருளாதார அறிஞர்களும் அவர்களுடைய குழுவும் இரண்டு வருடம் கழித்து ஆட்களைத் தேடிப் பிரஷர் பார்த்தார்கள், ரத்தம் எடுத்தார்கள். உங்கள் நண்பர் காட்டிய கட்டுரை பொய் சொல்லவில்லை. பிரஷரிலும் கொழுப்பிலும் சர்க்கரையிலும் சொல்லிக்கொள்ளும்படி மாற்றம் இல்லை.

ஆனால் அவர் மீதிப் பக்கத்தைப் படிக்கவில்லை. அல்லது படித்துவிட்டு உங்களிடம் சொல்லவில்லை (பந்தயம் அல்லவா). சீட்டு விழுந்து காப்பீடு பெற்றவர்களிடம் மனச்சோர்வு சுமார் 30 சதவீதம் குறைந்திருந்தது. மருத்துவச் செலவால் குடும்பமே கவிழ்ந்துபோவது அநேகமாக நின்றேபோயிருந்தது. அதாவது காப்பீடு முதலில் காப்பாற்றியது வீட்டை. உடம்பு அப்புறம்தான்.

சாவைப் பற்றி அந்த ஆய்வால் உறுதியாக எதுவும் சொல்ல முடியவில்லை. அதற்குக் காரணம் வெறும் கணக்கு. நடுவயதுக்காரர்கள் ஆயிரம் பேரை எடுத்தால் ஒரு வருடத்தில் இறப்பவர்கள் சில பேர்தான். அதில் ஒன்று குறைந்ததா இல்லையா என்று பார்க்க லட்சக்கணக்கில் ஆள் வேண்டும். ஆரிகனில் சீட்டு விழுந்தவர்களிலும் பலர் விண்ணப்பத்தைத் திருப்பி அனுப்பவே இல்லை. பாரம் கொடுத்துவிட்டு அதற்காகப் பத்து தரம் நடந்த அனுபவம் உங்களுக்கு இருக்கும்.

அந்த லட்சக்கணக்கு பிறகு வேறொரு இடத்தில் கிடைத்தது, அதுவும் தற்செயலாக. அப்போது அமெரிக்காவில் காப்பீடு எடுக்காதவர்களுக்கு வருமானவரியோடு சேர்த்து அபராதம் உண்டு. அப்படி அபராதம் கட்டிய சுமார் 45 லட்சம் குடும்பங்களுக்கு, "இன்ன இடத்தில் காப்பீடு கிடைக்கும், எடுத்துக்கொள்ளுங்கள்" என்று 2016 கடைசியிலும் 2017 தொடக்கத்திலுமாக வரித்துறை கடிதம் போட நினைத்தது. பணம் போதவில்லை. 39 லட்சம் குடும்பங்களுக்குத்தான் அனுப்ப முடிந்தது. விட்டுப்போனவர்களையும் குலுக்கல் முறையில்தான் விட்டார்கள். ஜேகப் கோல்டினும் உடன் இருவரும் அந்த இரண்டு கூட்டத்தையும் ஒப்பிட்டார்கள். 45 முதல் 64 வயது வரை உள்ளவர்களில், கடிதம் போன 1,648 பேருக்கு ஒருவர் வீதம் அடுத்த இரண்டு வருடத்தில் சாவு குறைந்திருந்தது. கவனியுங்கள், காப்பீட்டைக் கொடுக்கவில்லை. ஒரு கடிதம் போட்டார்கள், அவ்வளவுதான். கடிதம் பார்த்துக் காப்பீடு எடுத்தவர்கள் அதில் ஒரு சிறு பகுதி. அதற்கே இந்தப் பலன்.

ஆக, நீங்கள் விற்றது வெறும் காகிதமில்லை. தூங்குங்கள்.

இனி உங்கள் நண்பர். அவர் பக்கம் இருக்கும் மிகப் பலமான சாட்சி லண்டனில் இருக்கிறது. பிரிட்டனில் 1948 முதல் மருத்துவம் இலவசம். பாலிசியும் இல்லை, ஏஜென்டும் இல்லை, எல்லாம் வரிப்பணம். 1967இல் அங்கே ஒயிட்ஹால் அரசு அலுவலகங்களில் வேலை பார்த்த ஏறக்குறைய 18,000 ஆண்களைப் பரிசோதித்துவிட்டு, யார் எப்போது இறக்கிறார்கள் என்று வருடக்கணக்கில் பின்தொடர்ந்தார்கள். யாரும் பட்டினி கிடந்தவர்கள் இல்லை. எல்லோருக்கும் மாதச் சம்பளம், ஒரே ஊர், ஒரே மருத்துவம். ஆனால் அடிமட்டத்தில் இருந்த பியூன்களும் வாசற்காவலர்களும் உச்சியில் இருந்த அதிகாரிகளைப் போல மூன்று மடங்கு இறந்தார்கள். நடுவில் இருந்தவர்களின் கதைதான் எனக்கு இன்னும் விசித்திரம். உச்சிக்கு ஒரே ஒரு படி கீழே, நல்ல சம்பளத்தில் இருந்தவர்கூட உச்சியில் இருந்தவரைவிட அதிகம் இறந்தார். படி இறங்க இறங்கச் சாவு ஏறியது. சிகரெட், பிரஷர், கொழுப்பு எல்லாவற்றையும் கழித்துப் பார்த்தும் அந்த வித்தியாசத்தில் பாதிகூடத் தேறவில்லை.

நம் கலெக்டர் ஆபீஸ் டவாலியையும் கலெக்டரையும் நினைத்துக்கொள்ளுங்கள். இருவர் கையிலும் ஒரே கார்டு என்று வையுங்கள். இருந்தும் இப்படி.

இந்த ஆய்வுகளோடு பெயர் சேர்ந்துவிட்ட மைக்கேல் மார்மட், தன் வேலையில் தனக்கு ஒரு பிடி இல்லாமல், சொன்னதைச் செய்தே ஆயுள் கழிவதுதான் உடம்பைத் தின்கிறது என்பார். இருக்கலாம். எனக்கு இன்னொன்றும் தோன்றுகிறது. ஒயிட்ஹாலில் கீழ்ப்படியில் இருந்தவர்கள் சராசரியாக உயரத்திலும் குறைவு. உயரம் ஆபீசில் சேர்ந்தபிறகு வருவதில்லை. ஐந்து வயதில் தட்டில் என்ன விழுந்தது என்ற கணக்கு அது. ஐம்பது வயதில் நீட்டும் கார்டு அந்தத் தட்டைத் தொட முடியாது.

ஆனாலும் உங்கள் நண்பர் ஒரு படி தாண்டிப் பேசுகிறார் என்று நினைக்கிறேன். ஏழ்மையால் சாவது ஒன்று, ஏற்றத்தாழ்வால் சாவது இன்னொன்று. பணக்கார நாடுகளில் சராசரி வருமானத்தைவிட அது எப்படிப் பங்காகிறது என்பதுதான் ஆயுளைத் தீர்மானிக்கிறது என்று 1992இல் ரிச்சர்ட் வில்கின்சன் ஒரு கட்டுரை எழுதினார். பெரிய பேச்சானது. பிறகு மற்றவர்கள் கூடுதல் நாடுகளைச் சேர்த்துக் கணக்குப் போட்டபோது அந்தத் தொடர்பு மெலிந்துவிட்டது. 2015இல் பொருளாதார நோபல் பரிசு வாங்கிய ஆங்கஸ் டீட்டன், ஏற்றத்தாழ்வு காற்றில் கலந்த விஷம் போல எல்லோரையும் தாக்குகிறது என்பதை ஒப்புக்கொண்டதில்லை.

ஏன் தொடர்பு இருப்பதுபோலத் தெரிந்தது? ஒரு தெருவில் இரண்டு வீடு, மாத வருமானம் சேர்த்து 40,000 ரூபாய் என்று வையுங்கள். ஆளுக்கு 20,000 என்றால் இரண்டு வீட்டிலும் முட்டை இருக்கும், மாத்திரை இருக்கும். 35,000, 5,000 என்று பிரிந்தால்? 5,000 வீட்டில் கடைசி வாரம் மாத்திரை நிற்கும். 35,000 வீட்டில் கூடுதலாக வந்த 15,000 அந்த அளவுக்கு ஆயுளைக் கூட்டாது, ஒரு ஏசி வரும். தெருவின் சராசரி ஆயுள் இறங்கிவிடும். ஒரு வீட்டைப் பார்த்து இன்னொரு வீடு வயிறெரிய வேண்டிய அவசியமே இல்லை. கொன்றது பக்கத்து வீட்டு 35,000 அல்ல, இந்த வீட்டு 5,000. சங்கத்துக்காரருக்கு இது அற்ப வித்தியாசமாகத் தெரியும். கூலியை உயர்த்தச் சொல்லிப் போராடியவருக்கு அப்படித் தெரியக்கூடாது.

இருவருக்கும் சேர்த்து ஒரு குட்டு வேண்டுமென்றால் ராஜ் செட்டி என்ற பொருளாதார அறிஞர் இருக்கிறார். அவரும் குழுவும் 2001 முதல் 2014 வரையிலான அமெரிக்க வரிக் கணக்குகளைச் சாவுப் பதிவுகளோடு பொருத்தினார்கள். உச்சி ஒரு சதவீதப் பணக்கார ஆண், அடி ஒரு சதவீத ஏழை ஆணைவிட 14.6 வருடம் கூடுதலாக வாழ்கிறான். பெண்களில் 10.1 வருடம். ஆனால் ஏழைகள் சில ஊர்களில் மற்ற ஊர்களைவிட அதிகம் வாழ்கிறார்கள், அது எதனால் என்று தேடினால், அந்த ஊரின் மருத்துவ வசதியோடும் பெரிய தொடர்பில்லை, ஏற்றத்தாழ்வோடும் பெரிய தொடர்பில்லை. புகைப்பழக்கம், உடல் பருமன், உள்ளூர் அரசு செய்யும் செலவு, இவற்றோடுதான் இருந்தது.

இன்னொன்று, ஏஜென்டான உங்களுக்கு இது கசக்கும். காப்பீடே ஏற்றத்தாழ்வை உண்டாக்கும் வழியும் உண்டு. அமெரிக்காவில் பெரும்பாலும் முதலாளிதான் பாலிசி எடுக்கிறார். 2019இல் ஒரு குடும்ப பாலிசிக்கு வருடப் பிரீமியம் 20,000 டாலருக்கு மேல். மேனேஜருக்கும் அதுதான், செக்யூரிட்டிக்கும் ஏறக்குறைய அதுதான். மேனேஜர் சம்பளத்தில் அது சுண்டைக்காய். செக்யூரிட்டி விஷயத்தில் சம்பளத்தில் பாதியை எட்டிவிடும். கம்பெனி என்ன செய்யும்? செக்யூரிட்டியை வேலையிலிருந்து எடுத்துவிட்டு கான்ட்ராக்டில் ஆள் போடும். படிப்பில்லாதவர்களின் நல்ல வேலைகள் இப்படிக் கரைந்ததற்கும், அவர்கள் நடுவயதில் போதையிலும் குடியிலும் தற்கொலையிலும் சாவது கூடியதற்கும் தொடர்பு உண்டு என்பது ஆன் கேஸ் என்ற பொருளாதார அறிஞரும் டீட்டனும் வைக்கும் வாதம். எல்லோரும் இதை ஏற்கவில்லை. எனக்கு அதில் நியாயம் தெரிகிறது.

நம் பக்கம் வருகிறேன். கர்நாடகம் 2010இல் வாஜ்பாயி ஆரோக்கியஸ்ரீ என்று ஒரு திட்டத்தை முதலில் வட மாவட்டங்களில் மட்டும் தொடங்கியது. வறுமைக்கோட்டுக்குக் கீழே உள்ளவர்களுக்கு இதயம், புற்றுநோய், சிறுநீரகம் போன்ற பெரிய சிகிச்சைகள் இலவசம். எல்லைக்கோட்டுக்கு இந்தப் பக்கம் உள்ள கிராமத்துக்கு உண்டு, அந்தப் பக்கம் இல்லை. இரண்டையும் ஒப்பிட்டதில், அந்த நோய்களால் ஏழைகள் இறந்த விகிதம் திட்டம் இல்லாத பக்கம் 0.90 சதவீதம், இருந்த பக்கம் 0.32. இவ்வளவு பெரிய இறக்கத்தைப் பார்த்தால் எனக்குக் கொஞ்சம் சந்தேகம் வரத்தான் செய்கிறது. ஆனால் ஒரு விவரம் முக்கியம். அந்தத் திட்டத்தில் கார்டு கொடுத்துவிட்டுச் சும்மா இருக்கவில்லை. கிராமத்திலேயே முகாம் போட்டு, நோயாளியைக் கண்டுபிடித்து, நகரத்து ஆஸ்பத்திரிக்கு அனுப்பினார்கள். அமெரிக்காவில் கடிதம் தேடிப் போனது, இங்கே முகாம் தேடிப் போனது.

எங்கள் தெருவில் ஒரு கொத்தனார் இருந்தார். முதலமைச்சர் காப்பீட்டுத் திட்ட அட்டையைப் பிளாஸ்டிக் உறையில் போட்டு முருகன் படத்துக்குப் பின்னால் பத்திரமாக வைத்திருந்தார். பிரஷர் பார்த்ததே கிடையாது. தலைவலி வந்தால் பெட்டிக்கடை மாத்திரை. ஒருநாள் சாரத்தில் ஏறும்போது வலப்பக்கம் இழுத்துவிட்டது. அட்டையைக் காட்டியதும் சேர்த்துக்கொண்டார்கள், ஒரு பைசா கேட்கவில்லை, உயிரோடு வீட்டுக்கு வந்தார். கரண்டி பிடித்த கை மட்டும் அதற்குப்பின் எழும்பவில்லை. பத்து வருடத்துக்கு முன்பே யாராவது அந்தக் கையில் பட்டையைச் சுற்றிக் காற்றடித்துப் பார்த்திருந்தால், தினம் ஒரு மாத்திரையோடு அவர் இன்னும் சாரத்தில் நின்றிருக்கக்கூடும். 2021இல் வந்த மக்களைத் தேடி மருத்துவம் அவரைத் தேடி வந்தது. ஆனால் இழுத்த பிறகு.

பந்தயத்துக்குத் தீர்ப்புச் சொல்ல எனக்கு மனமில்லை. அடுத்த தரம் இருவரும் டீ குடிக்கப் போகும்போது, டீ மாஸ்டரிடம் கார்டு இருக்கிறதா என்று நீங்கள் கேளுங்கள். மாதம் எவ்வளவு கிடைக்கிறது என்று உங்கள் நண்பர் கேட்கட்டும். கடைசியாக எப்போது பிரஷர் பார்த்தார் என்பதை யார் வேண்டுமானாலும் கேட்கலாம். என்ன சொன்னார் என்று எனக்கு எழுதுங்கள்.

அன்புடன்