தாத்தாவின் பிளெக்ஸ் முகம்

அன்புள்ள அண்ணா,

போன மாதம் தாத்தா தவறிவிட்டார். ஆயுசு முழுக்க மாந்தோப்பு குத்தகை எடுத்தவர், போட்டோ எடுத்துக்கொண்டதே இல்லை, ஆதார் அட்டையில் இருந்த படம்தான் கிடைத்தது. பிளெக்ஸ் கடையில் அதை ஏஐ-யில் போட்டுத் 'தெளிவாக்கி' அடித்துக் கொடுத்தார்கள். நிறம் வெளுத்து, பல்வரிசை நேராகி, பாட்டி பார்த்துவிட்டு "இது யாருடா?" என்றார். வருஷ திதிக்குத் தோப்பில் கிரானைட் கல் வைக்கணும், அதிலும் இதே படம்தான் என்கிறார் அப்பா. நடுகல் வைத்த ஊர் நம்முடையது. அந்தக் கல்தச்சர்கள் கையில் இருந்த உண்மை மெஷினில் இல்லை. டிஜிட்டல் கலை என்பதே பொய்தானே?

வாசகர், காவேரிப்பட்டணம் (பெயர் வேண்டாம் என்றார்)

அன்புள்ள தம்பி,

பாட்டி கேட்டது சரியான கேள்வி. நீங்கள் போய்ச் சேர்ந்த முடிவைத்தான் என்னால் ஒத்துக்கொள்ள முடியவில்லை.

தருமபுரி அருங்காட்சியகத்துக்கு ஒருமுறை போய் அங்கே இருக்கும் நடுகற்களின் முகங்களை மட்டும் பாருங்கள். முடிந்த கொண்டை, கையில் வில்லோ வாளோ, பாயத் தயாரான கால், பல கற்களில் கிட்டத்தட்ட அதே ஆள். முகத்தை வைத்து இன்னார் என்று யாராலும் சொல்ல முடியாது, சொல்ல வைக்கணும் என்று கல்தச்சனும் நினைத்ததாகத் தெரியவில்லை. அவன் உண்மையை எழுத்தில் வைத்தான்: எந்த அரசனின் எத்தனையாவது ஆட்சியாண்டு, யாருடைய சேவகன், எந்த ஊர் மாட்டை மீட்கும்போது பட்டான் என்று வட்டெழுத்தில் வெட்டினான். பக்கத்து மாவட்டத்தில், செங்கம் பக்கம் எடுத்தனூரில், பல்லவ மன்னன் மகேந்திரவர்மன் காலத்துக் கல் ஒன்று இருக்கிறது. அதில் வீரனோடு அவன் நாயும் இருக்கிறது. நாயின் பெயர் கோவிவன், கள்ளர் இருவரைக் கடித்துக் காவல் நின்றது என்று எழுதியிருக்கிறார்கள். ஒரு நாய்க்குக் கிடைத்த அந்த ஒரு வரி உங்கள் தாத்தாவின் பிளெக்ஸில் இருந்ததா? தோற்றம், மறைவு, அப்புறம் கீழே வரிசையாகப் பேரன்கள், மச்சான்கள், கட்சிப் பொறுப்போடு சித்தப்பா. இதில் ஏஐ-க்கு ஒரு பங்கும் இல்லை, நாம் கொடுத்த ஆர்டர் அது.

சரி, முகத்துக்கு வருகிறேன். தபால்தலை அளவு ஆதார் படத்தில் ஒரு கண்ணுக்குச் சில புள்ளிகள்தான் தேறும். பல் தெரியவே தெரியாது. இல்லாததை எந்த மென்பொருளும் மீட்டெடுக்க முடியாது, தான் கற்ற முகங்களைக் கொண்டு அது இட்டு நிரப்புகிறது. இந்த வகை மென்பொருள்கள் பலவும் கற்றது என்விடியா 2019-ல் வெளியிட்ட ஒரு தொகுப்பில், எழுபதாயிரம் முகங்கள், எல்லாம் போட்டோக்களை ஏற்றிப் பகிரும் பிளிக்கர் தளத்தில் இருந்து எடுத்தவை. குத்தகைத் தோப்பில் வெயில் காய்ந்த கிழவர்கள் எத்தனை பேர் தங்கள் படத்தை பிளிக்கரில் ஏற்றியிருப்பார்கள்? 2020-ல் அமெரிக்காவின் டியூக் பல்கலைக்கழகத்தில் செய்த ஒரு மென்பொருளில் ஒபாமாவின் மங்கலான படத்தைப் போட்டபோது ஒரு வெள்ளைக்காரர் வெளியே வந்தார். ஒபாமாவுக்கே அந்தக் கதி.

ஆனால் மொத்தப் பழியையும் மெஷின் மேல் போடவும் எனக்கு மனசு வரவில்லை. நெகட்டிவில் பென்சில் வைத்து டச்சப் செய்த காலத்திலேயே நம் ஸ்டுடியோக்கள் எல்லாரையும் வெளுத்துத்தானே கொடுத்தன? கடைக்காரப் பையனுக்கும் தெரியும், கறுப்பாக அடித்தால் வீட்டுக்காரர்கள் சண்டைக்கு வருவார்கள். பிணம் வீட்டில் கிடக்க, ரெண்டு மணி நேரத்தில் பிளெக்ஸ் வேணும் என்று நிற்பவர்களிடம் அவன் வேறென்ன செய்வான்.

டிஜிட்டல் கலை என்றதும் 2021-ல் கிறிஸ்டிஸ் ஏலத்தில் 6.9 கோடி டாலருக்குப் போன, பீப்பிள் என்ற டிஜிட்டல் கலைஞரின் படத்தைத்தான் எல்லாரும் இழுக்கிறார்கள். அது பணக்காரர்கள் சமாச்சாரம், விடுங்கள். 1965-லேயே ஜெர்மனியின் ஸ்டுட்கார்ட்டில் கியோர்க் நீஸ் கணினியை வைத்துக் கோடுகள் வரையவிட்டுக் காட்சிக்கு வைத்தார். அது கணினி போட்ட கோடு என்பதை அவர் மறைக்கவில்லை, அதனால் அதில் பொய் என்று எதுவும் இல்லை. உங்கள் பிளெக்ஸில் உறுத்துவது, ஊகத்தில் செய்த முகம் போட்டோ வேஷம் போட்டுக்கொண்டு நிற்பதுதான்.

பிளெக்ஸ் வெயிலில் சில மாதத்தில் வெளுத்துப்போகும், அந்தத் தப்பு தானாகவே அழிந்துவிடும். கறுப்பு கிரானைட்டில் லேசர் சுட்ட புள்ளி அப்படிப் போகாது. அதனால் அப்பாவிடம் பேசுங்கள். டேப்லெட்டில் படம் வரையும் பிள்ளைகள் இப்போது ஊருக்கு நாலு பேர் இருக்கிறார்கள். ஒருவரைக் கூப்பிட்டுப் பாட்டி பக்கத்தில் உட்கார வையுங்கள். "மூக்கு இவ்ளோ கூர்மை இல்ல, காது இன்னும் பெருசு" என்று பாட்டி சொல்லச் சொல்ல அவர் அழித்து அழித்து வரையட்டும், காகிதத்தில் அழிப்பதைவிட இதில் அழிப்பது சுலபம். லேசருக்கும் மங்கல் போட்டோவைவிடக் கோட்டுப் படம் சுத்தமாக விழும். படத்தைப் பாதிக் கல்லில் முடித்துக்கொள்ளுங்கள். மீதிப் பாதியில் எந்தெந்தத் தோப்பு, என்ன ரகம், எந்த வருஷத்தில் இருந்து என்பதெல்லாம் வேணும், அதைப் பாட்டி நினைவில் இருக்கும்போதே கேட்டு எழுதிக்கொள்ளுங்கள்.