மொலோதியில் ஜெயித்தது யார்?

கேள்வி: மொலோதிப் போரைப் பற்றி ஒரு வீடியோ பார்த்தேன். 1572-இல் ஜார் மன்னர் 'பயங்கர' இவான் தன் வீரத்தால் 1,20,000 தாதார்களை அழித்து, இஸ்லாமியப் படையெடுப்பிலிருந்து ரஷ்யாவையும் ஐரோப்பாவையும் ஒரே போரில் காப்பாற்றினார் என்கிறார்கள். உண்மையா?
– கல்லூரி மாணவர், திருநெல்வேலி

பதில்: மொலோதி பெரிய போர்தான், பெரிய வெற்றிதான். ஆனால் நீங்கள் கேட்ட கதையில் முதல் தவறு இவான். அவர் அந்தக் களத்திலேயே இல்லை. மாஸ்கோவுக்குத் தெற்கே மொலோதி கிராமத்தில் சண்டை நடந்தபோது, அவர் வடக்கே சுமார் 500 கிலோமீட்டர் தள்ளி, கஜானாவோடு நோவ்கொரோதில் இருந்தார்.

முந்தைய ஆண்டைச் சொல்லாமல் இந்தப் போரைப் பேச முடியாது. 1571 மே 24 அன்று கிரிமியத் தாதார்களின் மன்னரான கான் தெவ்லெத் கிராய் மாஸ்கோவின் புறநகரில் தீ வைத்தார். காற்றும் சேர்ந்துகொள்ள, மரத்தால் கட்டிய அந்த நகரம் சில மணி நேரத்தில் எரிந்துபோனது. படைத்தலைவர் பெல்ஸ்கி நிலவறையில் மூச்சுத் திணறிச் செத்தார். ஜனங்கள் ஆற்றில் விழுந்து மாண்டார்கள். பிடிபட்டவர்களைக் கிரிமியாவுக்கு ஓட்டிச் சென்றார்கள். காஃபா துறைமுகத்தின் அடிமைச் சந்தை அவர்களைப் போன்றவர்களை விற்றுத்தான் செழித்தது. இவான் அன்றைக்கும் மாஸ்கோவில் இல்லை, ரோஸ்தோவ் பக்கம் போய்விட்டார். அவர் 1565-இல் உருவாக்கிய ஒப்ரிச்னினா என்ற தனி ஆட்சிப் பகுதியின் படை, 1570-இல் சொந்த நாட்டு நகரமான நோவ்கொரோதைச் சூறையாடியது. கான் வந்தபோது அந்தப் படையில் பலர் அணிக்கே வரவில்லை. கானின் படைக்கு வழிகாட்டியவர்களில் ஒருவர் குதெயார் திஷென்கோவ் என்ற ரஷ்யப் பிரபு. இவானின் கொடுமைக்குத் தப்பி எதிரியிடம் போனவர்கள் அப்படிச் சிலர் இருந்தார்கள்.

அடுத்த கோடையில் கான் திரும்ப வந்தார். இவான் முன்பே கைப்பற்றியிருந்த தாதார் நாடுகளான கசானும் அஸ்த்ரகானும் வேண்டும் என்பது அவர் கோரிக்கை. பேச்சுவார்த்தையில் அஸ்த்ரகானை விட்டுக்கொடுக்கக்கூட இவான் தயாராக இருந்தார். 1,20,000 என்பது பழைய பதிவுகள் சொல்லும் எண். இன்றைய வரலாற்றாசிரியர்கள் பலர் 40,000 முதல் 60,000 வரை என்கிறார்கள். ரஷ்யத் தரப்பின் படைப்பட்டியல் இன்றும் இருக்கிறது: சுமார் 20,000 பேர், அதற்கு மேல் கொசாக்குகள் என்ற எல்லைப்புற வீரர்கள். நிஜக் கணக்கிலேயே ரஷ்யப் படை எதிரியைவிட மிகச் சிறியது என்னும்போது, எதிரியை ஊதிப் பெருக்க என்ன அவசியம்?

அந்த ரஷ்யப் படையை நடத்தியவர் மிகயில் வொரோத்தின்ஸ்கி. 1571 தீயிலும் படை நடத்தி உயிர் தப்பியவர். அதற்குச் சில மாதம் முன்புதான் புல்வெளி எல்லையில் யார் எங்கே காவல் நிற்க வேண்டும், தகவல் எப்படி வர வேண்டும் என்று விதிமுறையே வகுத்திருந்தார். ரஷ்யாவில் எல்லைக் காவலுக்கு எழுதப்பட்ட முதல் ஒழுங்குமுறை அது.

கான் ஓகா நதியைக் கடந்து மாஸ்கோ சாலையில் விரைந்தபோது, ரஷ்யத் தளபதி திமித்ரி ஹ்வொரோஸ்தினின் பின்னாலேயே துரத்திப் போய் மொலோதி அருகே கானின் பின்படையை அடித்தார். தலைநகரம் எதிரே கிடக்க, கான் திரும்பித்தான் ஆக வேண்டியிருந்தது. ஹ்வொரோஸ்தினின் பின்வாங்குவதுபோல் ஓடி, துரத்தியவர்களைக் 'குல்யாய் கோரத்' முன்னால் கொண்டுவந்து நிறுத்தினார். அது வண்டியில் ஏற்றிப் போகும் மரக்கோட்டை. தடித்த பலகைச் சுவர்கள், இடையே துப்பாக்கி நீட்ட ஓட்டைகள், பின்னால் பீரங்கிகள். குதிரைப்படைக்கு எமன்.

ஜூலை 30-இல் கானின் தலைசிறந்த தளபதி திவெய் முர்சா பிடிபட்டார். அப்புறம் கோட்டைக்குள் பசி, தாகம். குதிரைகளைக் கொன்று தின்றார்கள். ஆகஸ்ட் 2 அன்று தாதார் வீரர்கள் குதிரையை விட்டு இறங்கிப் பலகைச் சுவர்களைக் கையால் பிடித்து இழுத்தார்கள், உள்ளிருந்தவர்கள் அந்தக் கைகளை வெட்டினார்கள். தாதார்களும் உயிரைக் கொடுத்துத்தான் போரிட்டார்கள் என்பதை மறைக்கக் கூடாது. அன்று மாலை வொரோத்தின்ஸ்கி ஒரு பகுதிப் படையோடு பள்ளத்தாக்கு வழியே சத்தமில்லாமல் சுற்றிப் போய்ப் பின்னாலிருந்து தாக்க, உள்ளேயிருந்து ஹ்வொரோஸ்தினினும் ஜெர்மானியக் கூலிப்படையும் பாய்ந்தன. இரவில் கான் திரும்பிப் போனார்.

அடுத்த ஆண்டே வொரோத்தின்ஸ்கி கைதானார், இறந்தும் போனார். இவான் அவரை நெருப்பில் வாட்டிச் சித்திரவதை செய்ததாகவும், மடத்துக்குக் கொண்டுபோகும் வழியில் உயிர் பிரிந்ததாகவும் இளவரசர் குர்ப்ஸ்கி எழுதினார். குர்ப்ஸ்கி தப்பியோடி இவானுக்குப் பகைவரானவர், ஆகவே அந்த விவரங்களில் கோபமும் கலந்திருக்கலாம். ஆனால் மாஸ்கோவைக் காத்தவர் 1573-இல் தன் மன்னரின் கைதியாகச் செத்தார் என்பதில் சந்தேகமில்லை. அவருடைய வெற்றியைத் தூக்கி அந்த மன்னரின் தலையிலேயே கிரீடமாக வைப்பதைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை.

மதப்போர் என்ற வாதமும் நிற்காது. ரஷ்யப் படைகளில் முஸ்லிம் தாதார்கள் காலங்காலமாகப் பணியாற்றினார்கள். 1558-இல் பால்டிக் கரையிலிருந்த கிறிஸ்தவ நாடான லிவோனியா மீது இவான் அனுப்பிய படைக்குத் தலைமை தாங்கியவர் ஷா அலி என்ற முஸ்லிம் கான். மொலோதி நடந்து மூன்றே ஆண்டில், செங்கிஸ்கான் வம்சத்தில் வந்து, முஸ்லிமாக இருந்து ஞானஸ்நானம் பெற்ற சிமியோன் பெக்புலாதோவிச்சை இவானே மாஸ்கோ அரியணையில் சில காலம் உட்கார வைத்தார். நிலம், வோல்கா நதி வணிகம், அடிமைகள், கப்பம் இவற்றுக்காக நடந்த சண்டையை இன்றைய கட்சிச் சண்டைக்கு ஏற்ப வளைக்கிறார்கள்.

சரி, ஒரே போரில் ஆபத்து தீர்ந்ததா? கசானையும் அஸ்த்ரகானையும் மீட்கும் பேச்சு அடங்கியது, அது பெரிய விஷயம். ஆனால் 1591-இல் இன்னொரு கான் மறுபடி மாஸ்கோ வாசல் வரை வந்தார். எல்லைக் கிராமங்களில் ஆள்பிடிப்பு பல தலைமுறை தொடர்ந்தது. கிரிமியாவுக்கு ரஷ்யா அனுப்பிவந்த கப்பம், கிரிமிய கானுக்கு மேலரசான துருக்கியோடு செய்த உடன்படிக்கையில் 1700-இல்தான் முடிவுக்கு வந்தது.