'ஸேட்லி' போட்டால் அது யாருடைய வருத்தம்?

கேள்வி: எங்கள் ஆயா (பாட்டி) தவறி அடுத்த மாதம் ஒரு வருடம் ஆகிறது. பத்திரிகையில் நினைவு அறிவிப்பு கொடுக்கப்போகிறோம். ஆங்கிலத்தில் கொஞ்சம், தமிழில் கொஞ்சம் இருக்கவேண்டும் என்பது வீட்டில் எல்லோருடைய ஆசை. தம்பி மகள் 'ஆயா டைட் ஸேட்லி' (Aaya died sadly) என்று எழுதிக் கொடுத்தாள். அண்ணன் பார்த்துவிட்டு, 'ஸேட்லி' முதலில் வரவேண்டும், இப்படி எழுதினால் அர்த்தமே வேறு என்கிறார். எங்கே வந்தாலும் சொல் ஒன்றுதானே? தமிழில் 'ஆயா வருத்தமாக இறந்தார்' என்று போடலாமா?
ஒரு வாசகி, சாட்ஸ்வர்த், தென்னாப்பிரிக்கா

பதில்: அண்ணன் சொல்வதுதான் சரி. நீங்கள் கேட்ட தமிழ் வரியையும் தயவுசெய்து போடாதீர்கள், அதிலும் அதே சிக்கல்தான் இருக்கிறது.

ஆங்கிலத்தில் இந்த ஸேட்லி இரண்டு விதமாக வேலை செய்யும். வினைக்குப் பக்கத்தில் கமா இல்லாமல் ஒட்டிக்கொண்டு நின்றால், அந்தக் காரியத்தைச் செய்தவர் எந்த மனநிலையில் செய்தார் என்று சொல்லும். 'ஷி ஸ்மைல்ட் ஸேட்லி' என்றால் அவள் சிரித்த சிரிப்பிலேயே சோகம் இருந்தது என்று அர்த்தம்; பக்கத்தில் நின்று பார்த்தவருக்கு வருத்தமா இல்லையா என்பதைப் பற்றி அங்கே பேச்சே இல்லை. அதையே வாக்கியத்தின் முன்னால் வைத்து ஒரு கமா போட்டு 'ஸேட்லி, ஷி டைட்' என்று எழுதினால், வருந்துகிறவர் மாறிவிடுகிறார். செத்துப்போனவர் எப்படிப்பட்ட மனதோடு போனார் என்று இப்போது நீங்கள் சொல்லவில்லை. அவர் போனது எங்களுக்கு வருத்தம் என்று சொல்கிறீர்கள். ஆக தம்பி மகள் எழுதியதை அப்படியே படித்தால், ஆயா கடைசி நேரத்தில் மனக்கஷ்டத்தோடு போனார் என்றாகிறது. குடும்பத்தில் நடந்தது அதுவல்ல என்றால், அச்சில் அது வரவே கூடாது.

இது சின்ன விஷயம் என்று யாராவது நினைத்தால், தில்லையாடி வள்ளியம்மையை நினைத்துப் பாருங்கள். ஜோகன்னஸ்பர்க்கில் பிறந்த பெண், 1913-இல் சத்தியாக்கிரகப் பெண்களோடு சேர்ந்து கைதாகி, பீட்டர்மாரிட்ஸ்பர்க் சிறையில் கடுங்காவல் அனுபவித்து, காய்ச்சலோடு வெளியே வந்து, 1914 பிப்ரவரி 22 அன்று இறந்துபோனார். வயது 16. படுத்த படுக்கையாக இருந்த அந்தப் பெண்ணிடம், சிறைக்குப் போனதற்காக வருந்துகிறாயா என்று காந்தி கேட்டார். இல்லவே இல்லை, இப்போது மறுபடியும் பிடித்தாலும் போகத் தயார் என்றுதான் அவர் பதில் சொன்னார். இதைக் காந்தியே எழுதிவைத்திருக்கிறார். இப்போது சொல்லுங்கள், 'வள்ளியம்மை டைட் ஸேட்லி' என்று ஒரு பள்ளிக் கட்டுரையில் எழுதினால் அது பொய். 'ஸேட்லி, வள்ளியம்மை டைட் அட் சிக்ஸ்டீன்' என்றால் உண்மை, ஏனென்றால் அங்கே வருந்துவது நாம். சொல்லை இடம் மாற்றி வைத்தால் ஒரு மனுஷியின் மன உறுதியே தலைகீழாகிவிடுகிறது.

நடுவிலும் இது வரும். 'ஹி ஹேஸ் ஸேட்லி பாஸ்ட் அவே' என்று எழுதுகிறார்கள், துணைவினைக்கும் முக்கிய வினைக்கும் நடுவில். அது தவறில்லை, அங்கேயும் வருத்தம் சொல்கிறவருடையதுதான். கடைசியில் வைத்தே ஆகவேண்டும் என்றால் முன்னால் கமா போட்டு வையுங்கள். ஆனால் அறிவிப்புகளில் எழுத்துக்கு எழுத்து காசு வாங்குகிற இடத்தில் முதலில் காணாமல் போவது கமாதான், அதனால் கடைசி இடத்தை நம்பவேண்டாம் என்பேன்.

மூன்றாவதாக ஒரு வேலையும் இதற்கு உண்டு. 'ஸேட்லி மிஸ்டேக்கன்', 'ஸேட்லி நெக்லெக்டட்' என்றால் யாரும் அழவில்லை, ரொம்ப மோசமாக என்றுதான் பொருள். அந்தக் கோவில் குளம் ஸேட்லி நெக்லெக்டட் என்றால் கவனிப்பாரே இல்லாமல் கிடக்கிறது என்று எடுத்துக்கொள்ளவேண்டும். அளவைச் சொல்கிற சொல்லாக அது அங்கே மாறிவிட்டது. இதன் வேர்ச்சொல்லுக்குப் பழைய ஆங்கிலத்தில் 'நிறைந்த, போதும் போதும் என்றான' என்றுதான் பொருள் இருந்தது; அது மெல்ல மெல்லக் கனத்துக்குப் போய், கனத்திலிருந்து துக்கத்துக்கு வந்தது. 'மனசு கனத்துப்போச்சு' என்று நாம் சொல்வதைப் பார்த்தால் அந்தப் பயணம் நமக்கு ஒன்றும் புதிதில்லை.

சரி, தமிழ் வரிக்கு வருவோம். 'வருத்தமாக இறந்தார்' என்றால் தமிழில் வருத்தப்பட்டது ஆயாதான், வேறு யாரும் இல்லை. நம் மொழியில் வருத்தத்துக்கு ஓர் ஆள் வேண்டும், அவர் யார் என்று வாக்கியம் சொல்லியாக வேண்டும். 'வருத்தத்துடன் தெரிவித்துக்கொள்கிறோம்' என்னும்போது 'கிறோம்' என்பதில் உள்ள 'ஓம்' விகுதியில் அந்த ஆள் நிற்கிறார். இதற்கு ஒரு விதிவிலக்கு தமிழ்நாட்டுச் செய்தித்தாள்களில் தினமும் கண்ணில் படும்: 'லாரி மோதி பரிதாபமாக உயிரிழந்தார்'. பரிதாபம் செத்தவர் பட்டதல்ல, கேள்விப்பட்ட நாம் படுவது. ஆங்கில ஸேட்லி முன்னால் நின்று செய்கிற வேலையை அந்த ஒரு சொல் செய்துவிடுகிறது. ஆனாலும் அது விபத்துக்கும் அகால மரணத்துக்கும் பழகிப்போன சொல். பேரன் பேத்தி எல்லாம் பார்த்து நிறைந்து போன ஆயாவுக்கு அதைப் போட்டால் படிக்கிறவர்கள் என்ன ஆச்சோ என்று பதறிவிடுவார்கள்.

நாம் வீட்டில் எப்படிச் சொல்கிறோம்? 'ஆயா போய்ட்டாங்க.' அந்த 'ட்டாங்க'விலேயே, அதாவது எழுத்துத் தமிழில் 'விட்டார்' என்பதிலேயே, இனி திரும்ப வரமாட்டார் என்கிற இழப்பு இருக்கிறது. 'போனார்' என்று மட்டும் சொன்னால் கடைக்குப் போனார் என்றும் இருக்கலாம். தனியாக ஒரு வினையடை வைத்துத் துக்கத்தை ஏற்றவேண்டிய தேவை பல சமயம் தமிழில் இல்லவே இல்லை, அதை வினைமுற்றே தாங்கிக்கொள்கிறது. அதனால் என் யோசனை இது: 'எங்கள் ஆயா எங்களை விட்டுப் பிரிந்து ஓராண்டு ஆகிவிட்டது' என்று எழுதுங்கள், கீழே 'நினைவில் வாடும் பிள்ளைகள், பேரன் பேத்திகள்' என்று பெயர்களைப் போடுங்கள். யாருடைய வருத்தம் என்று ஒரு சந்தேகமும் இருக்காது.

ஆங்கிலத்தில், குழந்தை ஆசையாக எழுதிய சொல்லை எடுத்துவிடவேண்டாம். ஒரு வருட நினைவு அறிவிப்புக்கென்றே பழகிய தொடர் இருக்கிறது: 'ஸேட்லி மிஸ்ட் பை'. அங்கே ஸேட்லி இறப்போடு ஒட்டவில்லை, ஏங்குவதோடு ஒட்டியிருக்கிறது, ஏங்குவது நீங்கள் எல்லோரும். அந்த 'பை'க்குப் பின்னால் அவள் பெயரையும் சேர்த்துப் போடுங்கள்.

கேள்வி: கோவில் கமிட்டியில் கடிதம் எழுதும் பொறுப்பு எனக்கு. ஒரு குடும்பம் கல்யாணத்துக்கு மண்டபம் கேட்டது, வேறொருவர் அதே நாளுக்கு முன்பே பதிந்துவிட்டார். 'இல்லை' என்று எழுதும்போது அன்ஃபார்ச்சுனேட்லி, ரிக்ரெட்ஃபுல்லி, ரிக்ரெட்டப்ளி, ஸேட்லி இவற்றில் எது மரியாதையாக இருக்கும்?
ஒரு வாசகர், ஃபீனிக்ஸ்

பதில்: முதலில் ஸேட்லியை எடுத்துவிடுங்கள். மண்டபம் கிடைக்காதது துக்கம் இல்லை, அதை இழவுக்கும் நோய்க்கும் வைத்துக்கொள்வோம். அன்ஃபார்ச்சுனேட்லி அதிர்ஷ்டத்தைப் பற்றிய சொல். மழையில் பாலம் உடைந்து வர முடியவில்லை என்றால் சரி. முடிவு நம்முடையதாக இருக்கும்போது பழியைத் தூக்கி அதிர்ஷ்டத்தின் மேல் போடுவது எனக்குப் பிடிப்பதில்லை, வாங்கிப் படிக்கிறவருக்கும் அது தெரிந்துவிடும்.

ரிக்ரெட்ஃபுல்லி, ரிக்ரெட்டப்ளி இரண்டையும் போட்டுக் குழப்பிக்கொள்பவர்கள் நிறைய. ஒருவர் மனதில் வருத்தத்தை வைத்துக்கொண்டு ஒரு காரியத்தைச் செய்தால் முதலாவது: அவர் ரிக்ரெட்ஃபுல்லி விடைபெற்றார், போக மனமில்லாமல் போனார். நடந்த காரியமே வருந்தத்தக்கது என்றால் இரண்டாவது: ரிக்ரெட்டப்ளி, அந்தப் பள்ளி மூடப்பட்டது. பள்ளிக்கு மனம் இல்லை, அதனால் அங்கே முதலாவது பொருந்தாது. இப்போதெல்லாம் முதலாவதையும் வாக்கியத்தின் முன்னால் வைத்து எழுதுகிறவர்கள் அதிகமாகிவிட்டார்கள் என்றாலும், கமிட்டியின் பெயரில் போகிற கடிதத்தில் பிரித்தே எழுதுவது நல்லது.

உங்கள் கடிதத்துக்கு இவை எதுவுமே வேண்டாம். 'வீ ரிக்ரெட்' என்று தொடங்கி, ஏற்கெனவே பதிவாகிவிட்டது என்ற காரணத்தை எழுதி, காலியாக இருக்கும் வேறு நாட்களையும் போட்டு அனுப்புங்கள். 'நாங்கள்' என்று ஆள் நிற்கிற வாக்கியம்தான் மரியாதை. தமிழிலும் 'வருந்துகிறோம்' போதும், 'துரதிர்ஷ்டவசமாக' என்று தொடங்கவேண்டாம்.

கேள்வி: சனிக்கிழமை தமிழ் வகுப்பு எடுக்கிறேன். பிள்ளைகள் 'வருத்தமாக, பஸ் வரவில்லை' என்று எழுதுகிறார்கள். தவறு என்று தெரிகிறது, எப்படி விளக்குவது என்று தெரியவில்லை.
ஓர் ஆசிரியை, பீட்டர்மாரிட்ஸ்பர்க்

பதில்: வீட்டில் ஆங்கிலமே பேசி வளர்கிற பிள்ளைகள் தமிழ் எழுத வருவதே பெரிய காரியம், அதனால் சிவப்பு மையை எடுப்பதற்கு முன்னால் அவர்களுக்குத் தெரிந்திருக்கக்கூடிய ஒரு சொல்லில் இருந்து தொடங்குங்கள்: 'நல்லவேளை'. 'நல்லவேளை, பஸ் வந்துவிட்டது.' இதில் நல்லவேளை பஸ்ஸைப் பற்றியது இல்லை, நிம்மதியானது நாம். ஆங்கிலத்தில் முன்னால் கமா போட்டு எழுதுகிற வினையடைக்குத் தமிழில் ஏற்கெனவே ஓர் இடம் இருக்கிறது என்று அவர்களுக்கு உடனே பிடிபடும்.

அப்புறம் எதிர்ப்பக்கம் போங்கள். ஆளைப் பற்றி என்றால் 'பாவம்': 'பாவம், அவருக்கு வேலை போய்விட்டது.' ஆள் இல்லாத காரியம் என்றால் பாவம் ஒட்டாது, 'என்ன செய்வது, பஸ் வரவில்லை' என்று வரும். பெரிய சாவு, பெரிய இழப்பு என்றால் 'ஐயோ'. மேடையிலும் இரங்கல் கவிதையிலும் 'அந்தோ'. ஓர் ஆங்கிலச் சொல்லுக்கு ஒரே தமிழ்ச் சொல் என்று பட்டியல் எழுதிக் கொடுக்காதீர்கள், பிள்ளைகள் அதையே எல்லா இடத்திலும் ஒட்டிவிடுவார்கள். ஒரு சம்பவத்தைச் சொல்லி, இதை உன் ஆயா கேட்டால் முதலில் என்ன சொல்வார் என்று கேளுங்கள். ஆயாவிடம் கேட்டு வா என்று அனுப்பினால் இன்னும் நல்லது. தென்னாப்பிரிக்காவின் 1996 அரசியல் சட்டம் 6-ஆம் பிரிவில், மதித்து வளர்க்கவேண்டிய சமூக மொழிகளில் தமிழையும் பெயர் சொல்லிச் சேர்த்திருக்கிறது. அது வெறும் எழுத்தாக நின்றுபோகாமல் பார்த்துக்கொள்வது உங்களைப் போல சனிக்கிழமையை விட்டுக்கொடுக்கிறவர்கள்தான்.

கேள்வி: சென்னையிலிருந்து வந்த மச்சானின் பெட்டி விமானத்தில் தொலைந்துவிட்டது. அதைக் கேட்டு என் மனைவி 'ஷேம்' என்றாள். அவர் முகம் சுருங்கிவிட்டது. நாம் சொல்லும் ஷேமும் ஸேட்லியும் ஒன்றா?
ஒரு வாசகர், லெனேசியா

பதில்: ஒன்றல்ல, ஆனால் உறவு உண்டு. தென்னாப்பிரிக்காவில் ஷேம் என்றால் அடப்பாவமே என்ற இரக்கம். தொட்டிலில் தூங்குகிற குழந்தையைப் பார்த்தும் இங்கே ஷேம் என்கிறோம், அப்போது அது கொஞ்சல். வெளியூர்க்காரர் காதில் அது 'வெட்கமாக இல்லையா' என்று விழும். உங்கள் மனைவிக்கு அவர் மேல் கோபமில்லை, பரிதாபம்தான் என்று மச்சானிடம் நீங்களே சொல்லிவிடுங்கள்.

இந்த ஷேம் வாயோடு இருக்கவேண்டியது, அறிவிப்பிலும் கடிதத்திலும் ஸேட்லிக்குப் பதிலாக வராது. நம்மிடம் புழங்குகிற 'மை ஃபாதர் இஸ் லேட்' என்பதும் அப்படித்தான். இங்கே அப்பா காலமாகிவிட்டார் என்று புரியும், சென்னையில் அப்பா இன்னும் வந்துசேரவில்லை என்றுதான் புரியும். அங்கே எழுதும்போது 'லேட்'டைப் பெயருக்கு முன்னால் வையுங்கள், அல்லது 'பாஸ்ட் அவே' என்றே எழுதிவிடுங்கள்.