அரக்கனுக்காக அழலாமா?

கேள்வி: ‘டீமன் ஸ்லேயர்’ என்னும் ஜப்பானிய அனிமே தொடரின் ‘இன்ஃபினிட்டி காசில்’ படத்தைத் தமிழ்க் குரலில் காட்ட, மகன்கள் இருவரையும் சேலத்துக்கு அழைத்துச் சென்றேன். கதாநாயகன் அடிபட்டபோது கலங்காத பெரியவன், கொலைகார அரக்கன் சாகும்போது தேம்பி அழுதான். கார்ட்டூன் படத்தில் அழுவதற்கு அப்படி என்ன இருக்கிறது?
– ஒரு வாசகி, ஏற்காடு

பதில்: தங்கள் மகன் படத்தைச் சரியாகத்தான் பார்த்திருக்கிறார், அம்மா. கொயோஹாரு கொதோகே 2016 முதல் 2020 வரை வார இதழில் வரைந்த இந்தக் கதையில், மலையில் கரி சுட்டு விற்கும் வீட்டின் மூத்த பையன் தஞ்சிரோ, கரிக்கூடையோடு ஊருக்குள் போய்விட்டு மறுநாள் திரும்பும்போது, தாயும் உடன்பிறந்தோரும் கொலையுண்டு கிடக்கிறார்கள். உயிர் தப்பிய ஒரே தங்கை நெசுகோவும் அரக்கியாகிவிடுகிறாள். அவளை மரப்பெட்டியில் வைத்து முதுகில் சுமந்தபடிதான் அவன் அரக்கர்களை வெட்டப் புறப்படுகிறான். மலைப்பாதையில் சுமை தூக்கி நடந்தவர்களை அறிந்த தங்களுக்கு அந்தப் பெட்டியின் கனத்தை நான் சொல்ல வேண்டியதில்லை. வெட்ட வேண்டிய இனத்தில் ஒருத்தி தன் முதுகிலேயே இருப்பதால், எதிரே நிற்பவனும் முன்பு யாருக்கோ மகனாக இருந்தவன் என்பதைத் தஞ்சிரோவால் மறக்க முடிவதில்லை.

(படம் பார்க்காதவர்கள் அடுத்த பத்தியைத் தாண்டிவிடலாம்.)

தங்கள் மகனை அழவைத்த அகாசா, மனிதனாக இருந்தபோது நோயாளித் தந்தைக்கு மருந்து வாங்கத் திருடியவன்; பிடிபட்ட ஒவ்வொரு முறையும் கையில் குற்றவாளி என்று பச்சை குத்தப்பட்டவன். தன்னால்தான் மகன் திருடுகிறான் என்று தந்தை தூக்கிட்டுக்கொள்ள, அவனைத் திருத்தி ஆளாக்கிய ஆசானையும், அவன் பணிவிடை செய்து தேற்றிய ஆசானின் மகளையும், கிணற்றில் கலந்த நஞ்சு கொன்றுவிடுகிறது. அவன் சண்டையிடும்போது காலடியில் விரியும் பனிப்பூக் கோலம், அந்தப் பெண் தலையில் சூடிய ஊசியின் வடிவம்தான். அவனுக்கே அது நினைவில்லை. நினைவு திரும்பியதும், தலை போன பின்னும் மீண்டும் முளைக்க வல்ல அந்த உடலைத் தன் கையாலேயே அழித்துக்கொள்கிறான். சூரனை மயிலும் சேவலுமாக்கி உடன் வைத்துக்கொண்ட முருகனைக் கும்பிடும் நமக்கு, இந்த மனநிலை புதிதன்று. 155 நிமிடப் படத்தில், வாள் ஓங்கிய கணத்தில் சண்டையை நிறுத்திப் பழங்கதைக்குள் போவது எனக்கே சற்று அலுப்புத் தட்டியது என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

கேள்வி: இதற்கு முந்தைய ‘முகன் ட்ரெயின்’ ஜப்பானில் ஏன் அப்படி ஓடியது?
– கல்லூரி மாணவர், அம்மாபேட்டை, சேலம்

பதில்: 2020 அக்டோபரில் வெளியாகி, 2001-இல் வந்த ‘ஸ்பிரிட்டட் அவே’ படத்தின் வசூல் சாதனையை அது முறியடித்தது. நோய்த்தொற்றுக் காலத்தில் போட்டிக்குப் பெரிய ஹாலிவுட் படங்கள் இல்லாதது ஒரு காரணம். ஆனால் அது மட்டுமே காரணம் என்பவர்கள் படத்தைப் பார்க்கவில்லை என்பேன். இரவு ஏற்காடு எக்ஸ்பிரஸில் ஏறிப் பயணச்சீட்டைக் காட்டிய கையோடு கண்ணயர்ந்து, கனவில் இறந்துபோன உறவுகளோடு சேர்ந்துவிட்டால் எப்படி இருக்கும் என்று எண்ணிப் பாருங்கள். அந்த ரயிலிலும் அப்படித்தான்: சீட்டின் மையில் அரக்கனின் இரத்தம் கலந்திருக்க, நடத்துநர் துளையிட்டதும் பயணி உறங்கிவிடுகிறார். கொல்லப்பட்ட தம்பி தங்கையர் பனியில் விளையாடும் கனவிலிருந்து, ‘போகாதே அண்ணா’ என்று அழும் கடைக்குட்டியைத் திரும்பிப் பார்க்காமல் தஞ்சிரோ ஓடும் காட்சிக்கு ஈடாகப் பின்னால் வரும் எந்தச் சண்டையையும் சொல்ல மாட்டேன். இறுதியில் ஒரு பயணியையும் சாகவிடாமல் காத்த ரெங்கோகு என்னும் மூத்த அரக்கவேட்டை வீரர் விடியும் வேளையில் உயிர் விடுகிறார். அவரைக் கொன்றவன்தான் முதல் கேள்வியில் வந்த அகாசா.

கேள்வி: தொடரைப் பார்க்காமல் நேரே படத்துக்குப் போகலாமா?
– குடும்பத் தலைவர், ஆத்தூர்

பதில்: வேண்டாம். 2019-இல் வந்த முதல் பருவத்தின் 26 பகுதிகளையும், அடுத்து ‘முகன் ட்ரெயி’னையும், பிறகு எஞ்சிய பருவங்களையும் பார்த்துவிட்டுப் போங்கள். தலைகள் உருளும் படம் என்பதால், சிறு பிள்ளைகளை வீட்டில் பாட்டியிடம் விட்டுச் செல்லுங்கள்.